சர்வாதிகாரி வீட்டு மாளிகை யாருக்குச் சொந்தம்? பத்திரம் வைத்துக் கண்டுபிடிக்கும் வழி

வங்கிகளுக்கு வீட்டுக்கடன் பத்திரங்களைப் பார்த்து லீகல் ஒப்பீனியன் எழுதிக் கொடுப்பது என் பிழைப்பு. தாய்ப்பத்திரம் எங்கே, எந்த வாரிசு கையெழுத்துப் போடவில்லை, நான்கெல்லை ஏன் பத்திரத்துக்குப் பத்திரம் மாறுகிறது, நாள் முழுக்க இதே வேலை. இந்தத் தொழிலில் இருந்தால் ஒரு பழக்கம் ஒட்டிக்கொள்ளும். வெளிநாட்டுச் செய்தியில் ஒரு மாளிகை வழக்கு வந்தாலும் "கிரயம் எந்த வருஷம், எழுதிக் கொடுத்தது யார்?" என்றுதான் முதலில் கேட்கத் தோன்றும்.

என்னிடம் வேலை கற்க வரும் ஜூனியர்களுக்கு ஸ்பெயின் நாட்டு மெய்ராஸ் மாளிகையைத்தான் பயிற்சிக் கேஸாகக் கொடுப்பேன். நம் ஊர் வழக்கைக் கொடுத்தால் கட்சி, சாதி, சொந்தக்காரர் என்று மனசு ஏதாவது ஒரு பக்கம் சாய்ந்துவிடும். இது தூரத்து ஊர். ஸ்பெயினின் கலீசியா பகுதியில் அ கொருன்யா மாகாணம், சாடா என்ற சிற்றூர். கருங்கல்லில் மூன்று கோபுரங்கள் வைத்த மாளிகை. சர்வாதிகாரி ஃபிராங்கோவும் அவர் மனைவி கார்மென் போலோவும் கோடைக்கு வந்து தங்கிய இடம். பேரன் பேத்திகள் "எங்கள் சொத்து" என்றார்கள், அரசு "நாட்டின் சொத்து" என்றது. இப்படி ஒரு வழக்கைக் கையில் எடுத்தால் எங்கே தொடங்குவது, எதை நம்புவது, எதைத் தள்ளுவது என்று சொல்கிறேன். பிலிப்பைன்ஸ் சர்வாதிகாரியின் மனைவி இமெல்டா மார்கோஸ் பற்றிய செய்தியைப் படிக்கும்போதும் இதே முறை உதவும்.

முதலில் ஒரு லீகல் சைஸ் தாளை எடுத்துக் குறுக்கே வைத்துக்கொள்ளுங்கள். ஐந்து கட்டம் போதும்: தேதி, கொடுத்தவர், வாங்கியவர், தொகை, கடைசியாக "பணம் யாருடையது". ஐந்தாவது கட்டத்தை எல்லோரும் விட்டுவிடுவார்கள். இந்த மாதிரி வழக்குகளில் உயிரே அங்கேதான் இருக்கும்.

சர்வாதிகாரியில் தொடங்காதீர்கள். அவருக்கு முன்னால் அந்த இடம் யாரிடம் இருந்தது என்று பாருங்கள். மெய்ராஸ் மாளிகையைக் கட்டியது எழுத்தாளர் எமிலியா பார்தோ பசான் குடும்பம். பழைய கோட்டை வீடு நின்ற இடத்தில் 1893-ல் தொடங்கி 1907 வரை வேலை நடந்தது. மூன்று கோபுரங்களில் ஒன்றில்தான் அந்த அம்மாள் உட்கார்ந்து எழுதுவார். 1921-ல் காலமானார். 1936-ல் உள்நாட்டுப் போர் வெடித்ததும் அவருடைய மகனும் பேரனும் மாட்ரிட்டில் கொல்லப்பட்டார்கள். மாளிகை மருமகள் மனுவேலா எஸ்தேபான் கொல்யாந்தெஸிடம் வந்தது. கணவனையும் மகனையும் ஒரே சமயத்தில் இழந்த பெண், சுற்றிலும் போர், கையில் பெரிய மாளிகை. தாளில் இவர் பெயரைக் கொஞ்சம் பெரிதாகவே எழுதுங்கள். இந்தப் பெயர் இரண்டு தடவை வரப்போகிறது.

அடுத்த வரி 1938. அ கொருன்யாவின் பெரிய மனிதர்கள் சேர்ந்து ஒரு குழு அமைத்தார்கள், ஃபிராங்கோவுக்கு ஒரு மாளிகை வாங்கிக் கொடுக்க. குழுவில் முக்கியமானவர் வங்கி முதலாளி பேத்ரோ பர்ரியே தெ லா மாசா. கூடவே மாகாண ஆளுநர். அந்த ஆண்டு மார்ச் 28 என்று தேதி போட்ட கொடை ஆவணம் இருக்கிறது. ஆகஸ்டில் மனுவேலாவிடமிருந்து குழுவுக்குக் கிரயம், தொகை 4 லட்சத்து 6 ஆயிரம் பெசெட்டாவுக்கு (அன்றைய ஸ்பெயின் நாணயம்) கொஞ்சம் மேல். டிசம்பரில் ஒப்படைப்பு விழா.

தேதியைக் கவனித்தீர்களா? கொடை மார்ச்சில், கிரயம் ஆகஸ்டில். வாங்குவதற்கு முன்பே கொடுத்துவிட்டார்கள்! நம்மிடம் இப்படி ஒரு ஃபைல் வந்தால் சிவப்பு மையில் வட்டம் போடாமல் விடுவோமா?

இப்போது அந்த ஐந்தாவது கட்டம். குழு கொடுத்த பணம் யாருடையது? பொதுமக்கள் மனமுவந்து கொடுத்த நன்கொடை என்றுதான் அன்றைய பத்திரிகைகள் எழுதின. உள்ளூர் ஆய்வாளர்கள் ஆவணக் காப்பகங்களைக் குடைந்ததும் வேறு படம் வந்தது. ஊழியர்கள் சம்பளத்திலேயே பிடித்தம். வீடு வீடாக வசூல். உள்ளாட்சிப் பணமும் அதில் சேர்ந்தது. போர்க்காலம், ஊரில் ஆட்களைப் பிடித்துச் சுட்டுக்கொண்டிருக்கிறார்கள், நன்கொடை நோட்டோடு ஒருவர் வாசலில் நிற்கிறார் என்றால் யார்தான் "இல்லை" என்பார்கள்? சுற்றுவட்டாரத்து விவசாயிகளின் துண்டு நிலங்களும் தோட்டத்தை விரிக்க எடுத்துக்கொள்ளப்பட்டன. இங்கே ஐந்தாவது கட்டத்தில் நான் எழுதுவது ஒரே சொல்: ஊர்.

வாங்கியவர் கட்டத்தில் வெறுமனே "ஃபிராங்கோ" என்று எழுதிவிட்டு நகர்ந்துவிடாதீர்கள். ஆவணம் என்ன சொல்கிறது என்று வரி வரியாகப் படிக்க வேண்டும். அந்தக் கொடை ஆவணம் அவருடைய பட்டங்களை அடுக்குகிறது: புதிய பேரரசை நிறுவியவர், நாட்டின் தலைவர், படைகளின் தலைமைத் தளபதி, ஸ்பெயினின் தலைவர் என்று அடுக்கி, கடைசியில்தான் பெயர் வருகிறது. அன்றைக்கு அது புகழ்மாலை. எண்பது வருஷம் கழித்து நீதிமன்றத்தில் அரசுத் தரப்பு அதையே எடுத்து வைத்தது. கொடுத்தது நாட்டின் தலைவர் என்ற பதவிக்கு, ஃபிராங்கோ என்ற தனி ஆளுக்கு அல்ல என்று. கோயிலுக்கு எழுதிவைத்த நிலத்தைப் பூசாரி மகன் தன் பெயருக்கு மாற்றக் கேட்டால் என்ன சொல்வோமோ, வாதம் அதுதான்.

தவிர, ஸ்பெயின் சிவில் சட்டப்படி அசையாச் சொத்தைத் தானமாகக் கொடுப்பதென்றால் நோட்டரி முன் முறையான பத்திரம் வேண்டும். அலங்காரமாக எழுதிக் கையெழுத்துப் போட்ட ஆவணம் சுவரில் மாட்டத்தான் லாயக்கு.

அதிகாரத்தில் இருப்பவருக்கும் இந்த ஓட்டை தெரியும். அதனால் எப்போதும் அடுத்த காகிதம் ஒன்றைத் தேடுங்கள். முதல் காகிதத்தின் குறையை மூட வந்த காகிதம் அது. மெய்ராஸில் அது 1941 மே மாதம் வருகிறது. கிரயப் பத்திரம். விற்பவர்: மனுவேலா எஸ்தேபான் கொல்யாந்தெஸ். வாங்குபவர்: பிரான்சிஸ்கோ ஃபிராங்கோ. தொகை: 85,000 பெசெட்டா.

அதே அம்மாள், அதே மாளிகை. மூன்று வருஷத்துக்கு முன் 4 லட்சத்துக்கு மேல் விற்றுப் பணம் வாங்கியவர் மறுபடி 85,000-க்கு விற்கிறார். அதுவும் போருக்குப் பிறகு, விலைவாசி ஏறிக் கிடக்கும் காலத்தில். இந்தப் பத்திரம்தான் பேத்தான்சோஸ் பதிவகத்தில் ஏறியது. 1938 கிரயம் அங்கே ஏறவே இல்லை. ஆகப் பதிவேட்டை மட்டும் திறந்து பார்க்கிறவருக்கு எழுத்தாளர் குடும்பத்திடமிருந்து ஃபிராங்கோவுக்கு நேர்க்கோடு. நடுவில் குழுவும் இல்லை, வசூலும் இல்லை, ஊரும் இல்லை.

இந்த இடத்தில் ஜூனியர் பையன்கள் கண்டிப்பாக ஒரு கேள்வி கேட்பார்கள். "சார், ரெஜிஸ்டர் ஆன டாக்குமெண்ட் இருக்கே சார். அப்புறம் என்ன சார்?"

"ஏம்ப்பா, தன்கிட்ட இல்லாத சொத்தை அந்தம்மா எப்படி விக்கும்? ரெஜிஸ்டர் பண்ணிட்டா இல்லாத பாத்தியம் வந்துடுமா?" என்பேன். சட்டப் புத்தகத்தில் பத்துப் பக்கம் இருந்தாலும் சாரம் இதுதான். பாவனைக் கிரயத்தை, அதாவது நிஜ விற்பனை இல்லாமல் பேருக்கு எழுதிய கிரயத்தை, பிடிக்க மூன்று கேள்வி கேட்டால் போதும்: விற்றவருக்கு அந்தத் தேதியில் விற்க ஏதாவது மிச்சம் இருந்ததா? விலை நம்பும்படி இருக்கிறதா? பணம் கைமாறியதற்கு ஏதாவது அடையாளம் உண்டா? 2020 செப்டம்பரில் அ கொருன்யா நீதிமன்றம் இந்த 1941 பத்திரத்தை வெறும் பாவனை, செல்லாது என்றது.

சரி, பத்திரம் போனால் போகட்டும், சொத்தை இத்தனை காலம் வைத்து ஆண்ட அனுபவம் இருக்கிறதே என்று குடும்பம் சொல்லும். எத்தனை தலைமுறையாக இருக்கிறோம், கூரை மாற்றினோம், வரி கட்டினோம் என்பார்கள். கேலி செய்து தள்ளிவிட முடியாது, வலுவான வாதம்தான். இதைச் சோதிக்கக் கரண்ட் பில்லைத் தேட வேண்டும். அதாவது பராமரிப்புச் செலவு யார் தலையில் விழுந்தது என்று பார்க்க வேண்டும். காவலுக்கு யார் ஆட்கள்? தோட்டக்காரருக்குச் சம்பளம் எங்கிருந்து? சுவரைப் பூசியது எந்த இலாகா? மெய்ராஸில் 1975 வரை விடை எல்லாமே அரசு. கோடைக்காலத்தில் அமைச்சரவைக் கூட்டமே அங்கே நடந்தது. மாட்ரிட்டின் எல் பார்தோ அரண்மனைக்கு அடுத்தபடி அது ஆட்சி நடந்த இடம். அப்படியானால் அந்தக் காலத்து அனுபவம் குடும்பத்தினுடையதா, அரசாங்கத்தினுடையதா? கோப்புகளில் கிடக்கும் சின்னச் சின்னச் செலவுச் சீட்டுகள், பெரிய பத்திரங்களைவிட இங்கே அதிகம் பேசும். என் அனுபவத்திலும் அப்படித்தான். ஒரு பங்காளி வழக்கில் கிணறு தூர்வாரிய கூலி ரசீது ஒன்று, வாய்ச்சாட்சிகள் பல பேரைத் தூக்கிச் சாப்பிட்டதைப் பார்த்திருக்கிறேன்.

இவ்வளவு நேரம் மனைவியைப் பற்றிப் பேச்சே இல்லையே என்று தோன்றலாம். என்னிடம் வந்த ஒரு பெண் ஜூனியரும் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "மெய்ராஸுன்னாலே அந்தம்மா பேரைத்தானே சார் சொல்றாங்க? இதுல எங்கயுமே காணோமே" என்றாள். நல்ல கேள்வி. சர்வாதிகாரியின் மனைவியைக் கிரயப் பத்திரத்தில் தேடினால் பெரும்பாலும் கிடைக்க மாட்டார். அவரை வேறு மூன்று இடங்களில் தேட வேண்டும்.

ஒன்று, பட்டங்கள். 1975 நவம்பர் 20-ல் ஃபிராங்கோ இறந்தார். சில நாட்களிலேயே மன்னர் ஹுவான் கார்லோஸ் கார்மென் போலோவுக்கு "மெய்ராஸ் சீமாட்டி" என்ற பரம்பரைப் பட்டத்தைக் கொடுத்தார். சொத்தின் பெயரையே ஆளின் பெயரோடு ஒட்டிவிட்டால் பார்க்கிறவர்கள் உரிமை தீர்ந்துபோன விஷயம் என்று நினைத்துக்கொள்வார்கள். சட்டப்படி அது ஒரு செங்கல்லையும் மாற்றிவிடாது. 2022-ல் வந்த ஜனநாயக நினைவுச் சட்டம் இந்தப் பட்டத்தை ஒழித்தது.

இரண்டு, நடுவில் நிற்கும் ஆள். அ கொருன்யா பழைய நகரில் கொர்னீதே மாளிகை என்று 18-ஆம் நூற்றாண்டுக் கட்டடம் ஒன்று இருக்கிறது. 1962-ல் நகராட்சி அதை ஏலம் விட்டது. ஏலம் எடுத்தவர் யார் என்று பார்த்தால் நம்ம பர்ரியே தெ லா மாசா. 1938-ல் குழுவில் இருந்தாரே, அதே வங்கிக்காரர். அவரிடமிருந்து வீடு கார்மென் போலோவுக்குப் போனது. இங்கே மனைவி நேரடியாகவே வருகிறார். பொதுச் சொத்து, ஏலம், வேண்டப்பட்டவர், பிறகு அம்மையார். மூன்று கை மாறியதால் அழுக்கு தெரியாது என்ற கணக்கு. இரண்டு சொத்திலும் ஒரே ஆள் நடுவில் நின்றால் தாளில் அவருக்குத் தனி வரி போடுங்கள். இதே பர்ரியேவுக்கு 1955-ல் ஃபிராங்கோ ஃபெனோசா கோமகன் பட்டம் கொடுத்தார். ஃபெனோசா என்பது அவருடைய மின்சாரக் கம்பெனி. இதற்கும் அதற்கும் முடிச்சுப் போடப் பத்திரம் எதுவும் என்னிடம் இல்லை, அதனால் ஒப்பீனியனில் எழுத மாட்டேன். ஓரத்தில் பென்சிலால் குறித்து வைப்பேன்.

மூன்றாவது இடம் எனக்கு ரொம்பப் பிடித்தது, ஏனென்றால் அங்கே காகிதமே கிடையாது. சாந்தியாகோ பேராலயத்துக்காக 12-ஆம் நூற்றாண்டில் சிற்பி மத்தேயோவின் பட்டறையில் செய்த ஆபிரகாம், ஈசாக்கு சிலைகள். சாந்தியாகோ நகராட்சி அவற்றை 1948-ல் ஒரு பிரபுவிடமிருந்து காசு கொடுத்து வாங்கியது. அதற்குப் பத்திரம் உண்டு. 1954-ல் கார்மென் போலோ நகராட்சிக் கட்டடத்துக்கு வந்தபோது அவற்றை ரசித்துப் பார்த்தார், பிறகு சிலைகள் மெய்ராஸுக்குப் போய்விட்டன என்பது ஊர்ச் சொல். போனது உண்மை. கொடுத்ததற்கு நகராட்சித் தீர்மானம்? இல்லை. பெரிய இடத்து அம்மா ஒரு பொருளைப் பார்த்து "அழகா இருக்கே" என்றால் பக்கத்தில் நிற்கும் அதிகாரிக்கு அது உத்தரவு மாதிரிதான். வாய் திறந்து கேட்கவே வேண்டாம், அதனால் காகிதமும் பிறக்காது.

இந்தச் சிலை வழக்கில் இன்னொரு நுணுக்கமும் உண்டு. கீழ் நீதிமன்றங்களில் நகராட்சி தோற்றது. 1948 பத்திரத்தில் எழுதியிருக்கும் சிலைகளும் குடும்பத்திடம் இருக்கும் சிலைகளும் ஒன்றுதானா என்ற சந்தேகத்தில் வழக்கு சறுக்கியது. நம் பாஷையில் சொன்னால் சொத்து விவரம் சரியாக எழுதாத தொல்லை. 2025-ல் ஸ்பெயின் உச்ச நீதிமன்றம் அவை அதே சிலைகள்தான், நகராட்சியிடம் திருப்பிக் கொடுங்கள் என்றது. ஷெட்யூல் (பத்திரத்தில் வரும் சொத்து விவரம்) எழுதும்போது சோம்பல்படாதீர்கள் என்று ஜூனியர்களுக்குச் சொல்ல இதைவிட நல்ல உதாரணம் எனக்குக் கிடைக்கவில்லை.

கார்மென் போலோவைப் பற்றிக் கதைகள் ஏராளம். முத்துமாலை மோகத்தால் ஸ்பானியர்கள் அவருக்கு "மாலைக்காரி" என்றே பட்டப்பெயர் வைத்தார்கள். அவர் வந்தால் நகைக்கடைக்காரர்கள் ஷட்டரை இறக்கிவிடுவார்கள், பில் போடாமல் எடுத்துப் போவார், இப்படிப் பல. படிக்கச் சுவாரஸ்யம்தான். ஆனால் தாளில் ஏற்றாதீர்கள். எதிர்த்தரப்பு வக்கீல் அந்த ஒரு கதையைக் கிழித்துக் காட்டி, பக்கத்தில் இருக்கும் நல்ல ஆதாரத்தையும் சந்தேகப்பட வைத்துவிடுவார்.

அடுத்து, கேட்க வேண்டியவர் ஏன் இத்தனை நாள் கேட்கவில்லை என்று பாருங்கள். 1975-ல் சர்வாதிகாரி போய்விட்டார். 1988-ல் கார்மென் போலோவும் காலமானார். அரசு வாய் திறக்கவில்லை. 2008-ல் கலீசிய அரசு மெய்ராஸைப் பண்பாட்டுச் சொத்தாக அறிவித்ததால் மாதத்தில் சில நாட்களாவது பொதுமக்களுக்குத் திறந்துவிட வேண்டிய கட்டாயம் வந்தது. குடும்பம் இழுத்தடித்து 2011-ல்தான் கதவு திறந்தது. 2017-ல் ஃபிராங்கோ பெயரிலான அறக்கட்டளையே பார்வையாளர்களுக்கு வழிகாட்டும் பொறுப்பை எடுத்ததும் ஊர் கொதித்தது. அந்த வருஷக் கடைசியில் மகள் கார்மென் ஃபிராங்கோ இறக்க, வாரிசுகள் மாளிகையை 80 லட்சம் யூரோவுக்கு விற்பனைக்கு வைத்தார்கள். 2019 ஜூலையில் அரசு வழக்குப் போட்டது. கலீசிய அரசும், மாகாண நிர்வாகமும், சாடா, அ கொருன்யா நகராட்சிகளும் சேர்ந்துகொண்டன.

இந்த மௌனத்துக்கு விலை உண்டு. 2020 தீர்ப்பு மாளிகையை அரசுக்குக் கொடுத்ததோடு, குடும்பம் செலவழித்த பணத்துக்கு நயா பைசா கிடையாது என்றும் சொன்னது. 2021 பிப்ரவரியில் மேல்முறையீட்டு நீதிமன்றம் சொத்து அரசுடையதுதான் என்பதை உறுதி செய்தது. ஆனால் பேரன் பேத்திகள் நல்லெண்ணத்தோடு அனுபவித்தவர்கள், அரசே இத்தனை காலம் கண்டுகொள்ளாமல் இருந்ததே, ஆகவே பராமரிப்புச் செலவைக் கொடுக்க வேண்டும் என்றது. பலருக்கு இது கசந்தது. எனக்குக் கசக்கவில்லை. தாத்தா செய்த தில்லுமுல்லு பேரனுக்குத் தெரியும் என்று நிரூபிப்பது வேறு வேலை, அதை யாரும் ஒழுங்காகச் செய்யவில்லை. அதனால் உங்கள் தாளில் உரிமையையும் செலவுக் கணக்கையும் ஒரே வரியில் போட்டுக் குழப்பாதீர்கள். இரண்டுக்கும் தனித்தனி விடை வரலாம்.

கடைசி வேலை, வீட்டுக்குள் இருக்கும் பொருட்கள். இதைத்தான் எல்லோரும் மறப்பார்கள். கட்டடம் கைமாறுவதற்குள் வண்டி வந்து நிற்கும். மெய்ராஸிலும் 2020 நவம்பரில் அந்த நிலை வந்தது. நீதிபதி எதையும் எடுக்கக் கூடாது என்று தடுத்து, முதலில் பட்டியல் போடச் சொன்னார். சாவி டிசம்பர் 10-ல் அரசிடம் வந்தது. பார்தோ பசானின் நூலகம் ஒன்று இருக்கிறது. 1978 தீ விபத்துக்குப் பிறகு அதில் ஒரு பகுதி அ கொருன்யாவில் கலீசிய மொழிக் கழகத்துக்குப் போனது, மீதி மாளிகையிலேயே நின்றது. எழுத்தாளரின் புத்தகம், மாளிகையோடு 1938-க்கு முன்பே இருந்த மரச்சாமான், அரசுப் பணத்தில் வாங்கியது, குடும்பம் பிற்பாடு கொண்டுவந்து போட்டது என்று நான்கு பட்டியல் தனித்தனியாகப் போடுங்கள். ஒவ்வொரு பொருளுக்கும் அளவு, எங்கே இருக்கிறது, போட்டோ மூன்றும் வேண்டும். "பழைய நாற்காலி 6" என்று எழுதி வைத்தீர்களானால் சிலை வழக்கு மாதிரி இன்னொரு வழக்குக்கு நீங்களே பிள்ளையார் சுழி போட்டதாகிவிடும். எந்தப் பட்டியலில் சேர்ப்பது என்று தெரியாத பொருள் வந்தால் ஊகித்து எழுதாமல் ஐந்தாவதாக ஒரு தாள் எடுத்து அதில் போட்டுவிடுங்கள், நீதிமன்றம் பார்த்துக்கொள்ளும்.